கீறல் விழுந்த கல்

என் கல்லை நான்தான் ஆட்டின் மேல் எறிந்தேன். இனி அதை மறைத்து என்ன ஆகப்போகிறது? காயப்போட்ட சோளத்தில் மூன்றாம் முறையாக வாய் வைத்தது, கைக்கு அகப்பட்டதை வீசிவிட்டேன். ஆட்டுக்கு ஒரு மயிர்கூட உதிரவில்லை. கல் பாறையில் பட்டு நீளவாக்கில் கீறல் விட்டது.

எங்கள் தும்பேராவில் பிள்ளை பிறந்தால் பெயர் வைப்பதற்கு முன்பே ஆற்றிலிருந்து ஒரு கல் எடுத்துக் கொடுப்பார்கள். சபையில் அதைத் தட்டிவிட்டுத்தான் பேச வேண்டும். கணீரென்று ஒலித்தால் பேச்சு செல்லும். என்னுடையது அன்றிலிருந்து ‘டொக்’ என்றது. புதுக் கல் மூன்று மழைக்காலம் ஆற்றில் கிடந்த பிறகுதான் கைக்கு வரும். அதுவரை என்னோடு சிரித்தார்கள், என் பானைகளை வாங்கினார்கள். நான் சொன்னது மட்டும் எங்கும் ஏறவில்லை.

பானை சுடுவது என் தொழில். சூளையிலிருந்து எடுத்ததும் விரலால் சுண்டிப் பார்ப்பேன். கண்ணுக்குத் தெரியாத கீறல் விரலுக்குத் தெரிந்துவிடும். ஒருநாள் காலை, வெயில் ஏறி எங்கள் மலை வழக்கம்போல முனக ஆரம்பித்த நேரம், வெறுங்காலோடு களிமண் மிதித்துக்கொண்டிருந்தேன். முனகல் பாதியில் அறுந்து, உள்ளங்காலுக்கு அடியில் ஏதோ கலகலத்தது. கீறின பானையின் சத்தம் அது.

மலையின் சுருதி இறங்கியது ஊருக்கே கேட்டது. ஆனால் மலை தளர்ந்துவிட்டது என்றார்கள் சபைக்காரர்கள். வரும் ஒலிநாளில் ஊரே கல்லெடுத்து வழக்கத்தைவிட இரண்டு மடங்கு அடித்தால் சுருதி ஏறிவிடுமாம். மலைக் குகைக்குள் தொங்கும் பெரிய கல்லை அடிக்க ஒரு பெண்ணைத் தேர்ந்தெடுப்பார்கள். தேர்ந்தெடுத்த நாளிலிருந்து அடித்து முடிக்கும்வரை அவள் வாய் திறக்கக் கூடாது. இந்த முறை என் மகள் நயேலு.

சபைத் தலைவர் ஒர்சேமுவிடம் ஓடினேன்.

“பெரியவரே, மலை தளரல. கீறிப்போச்சு. கீறின பானைய ஓங்கித் தட்டினா என்ன ஆகும்னு எனக்குத் தெரியும். எம்பொண்ணு உள்ள நிக்கப் போறா!”

“தட்டிட்டுப் பேசும்மா, மெசூலி.”

தட்டினேன். டொக்.

“ஆட்டையே குறி பாத்து அடிக்கத் தெரியல, மலைய அளக்க வந்துட்டா!” என்றான் பின்னாலிருந்து ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள்.

ஒர்சேமு சிரிக்கவில்லை. “நீ சொல்றது என் காதுல விழுது தாயி. சபை காதுல விழலியே. நான் என்ன பண்ணட்டும், சொல்லு?”

இரக்கத்தோடு சொன்னார். அதுதான் எனக்கு ஆத்திரமாக வந்தது.

வீட்டுக்கு வந்து என் புருஷன் கெந்தாரோவைப் பிடித்துக்கொண்டேன். “இந்தாய்யா, உன் கல்லு நல்லாத்தான இருக்கு? நீ போய்ச் சொல்லு.”

“எனக்குக் கீறல் சத்தம் ஒண்ணும் கேக்கலியே, மெசூலி.”

“கேட்டுச்சுன்னு சொல்லேன்! வாயில என்ன கொழுக்கட்டையா?”

போனார். கல்லைத் தட்டினார். கை நடுங்கியது, கல்லும் நடுங்கி ஒலித்தது. சபை முழுக்க அது கேட்டுவிட்டது. கல்லைக் கையில் வைத்துக்கொண்டு எங்கள் ஊரில் எவனும் பொய் சொல்லித் தப்பியதில்லை.

“உன் காலால கேட்டியா, கெந்தாரோ?” என்றார் ஒர்சேமு.

தலையைக் குனிந்துகொண்டார். “எம்பொண்டாட்டி கேட்டா.”

அன்று அவரைத் திட்டாத திட்டில்லை. பாவம், அவர் என்ன செய்வார்? பொய் சொல்ல வராத மனுஷனைத்தான் நானும் ஆசைப்பட்டுக் கட்டிக்கொண்டேன்.

ஒலிநாள் காலையில் நயேலுவின் பாதங்களுக்கு வெள்ளை மண் பூசினேன். “கண்ணு, உனக்கும் கேக்குதாடி?” என்றேன். வாயைத் திறக்காமல் பாதத்தைத் தரையில் அழுத்திப் பார்த்தாள். பிறகு என் கையை இறுக்கிப் பிடித்தாள். அவளுக்கும் கேட்டிருக்கிறது!

“அப்ப வாடி, எங்கியாவது ஓடிருவோம்.”

கையை உருவிக்கொண்டாள். ஊர் அவளை நம்பி நின்றது, அவளும் ஊரை நம்பினாள். என் இடுப்பிலிருந்த கல்லை எடுத்து நகத்தால் தட்டினாள். டொக். உதடு பிரியாமல் சிரித்தாள், சின்ன வயதில் சிரித்த அதே சிரிப்பு. கல்லை என்னிடம் கொடுத்துவிட்டுக் குகைக்குப் போனாள்.

நல்ல கல் இல்லாதவர்கள் அன்று ஆற்றுக்கு அக்கரையில் இருக்க வேண்டும். அபஸ்வரம் கலக்கக் கூடாதாம். நானும், வெள்ளத்தில் கல்லைத் தொலைத்த பாகுமே தாத்தாவும் போனோம். அந்தப் பாழாய்ப்போன ஆடும் கூடவே வந்தது.

உச்சி வெயிலில் ஆரம்பித்தார்கள். நாலாயிரம் கற்கள், உள்ளே என் மகளின் அடி. அடிக்கு அடி தரை அதிர்ந்தது. தொண்டை கிழியக் கத்தினேன். யார் காதில் விழும்? பதினோராவது அடியில் மலையின் முனகல் நின்றது. அப்புறம் மலை ஊரின் மேல் உட்கார்ந்தது. கெந்தாரோ இரண்டாவது வரிசையில் நின்றிருந்தார்.

தூசி அடங்குமுன் ஆற்றைக் கடந்து ஓடினேன். எங்கும் ஒரு குரல் இல்லை. குகை இருந்த பக்கம் பாறைகளுக்கு அடியிலிருந்து ஒரு ஒலி வந்தது. மூன்று தட்டு, ஒரு இடைவெளி. நயேலுவின் கல்! என் பிள்ளையின் கல் எனக்குத் தெரியாதா?

என் கல்லைப் பாறையில் தட்டினேன். டொக்.

உள்ளிருந்து மூன்று தட்டு, அவசர அவசரமாக. ஊரிலேயே அப்படி ஒலிக்கும் கல் ஒன்றுதான் என்று அவளுக்குத் தெரியும்.

தாத்தாவும் நானும் முழங்கால் உயரக் கற்களைப் புரட்டினோம். அதற்குக் கீழே இருந்தவை யானை உயரம். நகமெல்லாம் பிய்ந்துபோயிற்று. தட்டினாள், தட்டினேன். மறுநாள் வெயில் ஏறியதும் அவள் ஒரே ஒரு முறை தட்டினாள்.

நான் டொக் என்று பதில் சொன்னேன். அதற்குப் பிறகும் வெகுநேரம் சொல்லிக்கொண்டிருந்தேன். தாத்தா வந்து என் மணிக்கட்டைப் பிடித்து, “போதும் ஆத்தா” என்றார்.

சபை கேட்காத கல்லை அவள் கேட்டாள். கேட்டு என்ன, என்னால் ஒரு பாறையைக்கூட நகர்த்த முடியவில்லை.