கண்ணாடி பார்க்காத டீ

மேனேஜர் பகலவன் கொஞ்சமும் வெட்கமில்லாமல் ஒரு தாளை என் முன்னால் தள்ளினார். "கையெழுத்து போடுங்க சாலமோன். மெஷின் உங்ககிட்டதானே கத்துக்கிச்சு?"

நேற்று நடந்த விபத்துக்கு நான் தப்பாகக் கற்றுக்கொடுத்ததுதான் காரணம் என்று அதில் எழுதியிருந்தது.

திருவொற்றியூர் கன்டெய்னர் யார்டில் இருபத்திரண்டு வருஷமாகச் சரக்கு இறக்குகிறேன். கப்பலில் வரும் பெட்டிகளில் பூச்சி மருந்துப் புகை அடித்து மூடியிருப்பார்கள். கதவைத் திறந்ததும் நாங்கள் யாரும் உள்ளே போகமாட்டோம். ரோசி கடைக்கு நடந்துபோய் டீ குடித்து, நாலு ஊர்க்கதை பேசிவிட்டு வருவோம். அதற்குள் விஷம் காற்றோடு போய்விடும். எந்தப் பலகையிலும் எழுதாத வழக்கம் இது.

போன மாசம் கேமராவும் மைக்கும் வைத்த ஒரு மூக்குக்கண்ணாடியைக் கொடுத்தார்கள். பத்து நாள் நான் மாட்டிக்கொண்டு வேலை செய்தால் மெஷின் பார்த்துக் கற்றுக்கொள்ளுமாம். பிறகு புது ஆட்களுக்குக் கண்ணெதிரிலேயே அம்பு போட்டு வழிகாட்டுமாம். "டீ குடிக்கிறதெல்லாம் பதிய வேணாம், மேலிடத்துல பாத்தா அசிங்கம்" என்றார் இதே பகலவன். நானும் ஒரு மடையன், டீக்குப் போகும்போதெல்லாம் கழற்றி வைத்தேன். கழற்றினால் பதிவு நின்றுவிடும். கதவு திறந்தது, ஆள் உள்ளே போனான். மெஷின் பார்த்தது அவ்வளவுதான்.

நேற்று, சேர்ந்து மூன்றே நாளான முபாஷிர் கதவைத் திறந்தான். அவன் மாட்டியிருந்த கண்ணாடியில் பச்சை அம்பு உள்ளே போகச் சொன்னது. "இருடா!" என்று நான் கத்திக்கொண்டு ஓடுவதற்குள் வாசலிலேயே விழுந்தான். காலைப் பிடித்து இழுத்துப் போட்டேன். இப்போது ஆஸ்பத்திரியில் குழாயோடு கிடக்கிறான். அவன் மனைவி சாபிரா என் சட்டையைப் பிடித்துக்கொண்டு, "நீதான் தப்பா கத்துக்குடுத்தன்னு ஆபீஸ்ல சொல்றாங்கோ, நெசமாண்ணா?" என்றாள். ராத்திரி முழுக்க நான் தூங்கவில்லை.

தாளைக் கசக்கி எறிந்தேன். மேசைமேல் இருந்த கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு யார்டுக்கு நடந்தேன். ஒரு பெட்டியைத் திறந்தேன். பச்சை அம்பு மின்னியது. திரும்பி நேராக ரோசி கடைக்குப் போனேன்.

"ரோசிக்கா, ஒரு டீ."

கண்ணாடியில் சிவப்பு எழுத்து வந்தது: வேலை நேரம் வீணாகிறது.

பின்னாலேயே ஓடிவந்த பகலவன், "பதிவாகுது, கழட்டுங்க! அன்னிக்கே சொன்னேன்ல, டீ குடிக்கும்போது கழட்டுங்கன்னு!" என்று கத்தினார்.

நான் மெதுவாகத் திரும்பி அவர் முகத்தை நேராகப் பார்த்தேன்.

"இன்னா சார் சொன்ன? இன்னொரு தபா சொல்லு. இந்தக் கண்ணாடியும் நல்லா கேட்டுக்கட்டும்."

அவர் கண்ணாடிக்கு முன்னாலிருந்து சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். நான் டீயை ஊதி ஊதி, கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தேன்.