எண்பத்தாறு கிலோ சாட்சி

இருபத்தொரு வருடமாக நான் காப்புரிமை வழக்கறிஞன். புதிதாக எதையாவது கண்டுபிடித்துவிட்டு வருகிறவர்களிடம், உட்காரச் சொல்வதற்கு முன்பே ஒன்றைச் சொல்லிவிடுவேன். "விண்ணப்பம் போடுற வரைக்கும் வாயைத் திறக்காதீங்க. ஊருக்குக் காட்டிட்டா அது ஊர்ச் சொத்து." இதை என் மனைவி தூக்கத்தில்கூட ஒப்பிப்பாள்.

அத்தானுக்கும் சொன்னேன். படுத்த படுக்கையாகக் கிடக்கும் நோயாளியை ஒரே ஆள் ஒரு கையால் புரட்டிப் படுக்கவைக்கும் கட்டிலை, ஒன்பது வருடம் பாடுபட்டு உருவாக்கியவர் அவர். ஒரு பெரிய நிறுவனம் அதை அச்சு அசலாகச் செய்து விற்றது. அத்தானுக்காக நான் போட்ட வழக்கில் தோற்றால் பட்டறையை மூடவேண்டியதுதான்; பதினோரு பேர் நடுத்தெருவில். "நம்ம தம்பி இருக்கான்ல" என்று அக்கா எல்லோரிடமும் சொல்லிவைத்திருந்தாள்.

அத்தான் கூண்டில் நின்றார். எதிர்த்தரப்பு வக்கீலுக்கு நாங்கள் வைத்த பெயர் பஞ்சுமெத்தை. குரல் அத்தனை மிருது. விழுகிறவனுக்கு அடிபட்டதே தெரியாது.

"ஒரு சின்ன வீடியோ பார்த்துடலாமாங்க?" என்றார்.

திரையில் அக்கா வீட்டுக் கூடம், அவர்களுடைய இருபத்தைந்தாவது கல்யாண நாள். கட்டிலில் ஒருவன் மல்லாந்து கிடந்தபடி பேசிக்கொண்டிருந்தான். யாரோ ஒருவரின் முதுகு முகத்தை மறைத்தது. தொப்பையை மறைக்க அந்த முதுகு போதவில்லை.

"எண்பத்தாறு கிலோ எருமை, அக்கா ஒரு கையால புரட்டுது பாருங்க! ரகசியம் இந்த மூடிக்குள்ள. திறங்க... சின்னச் சக்கரம் பெரிய சக்கரத்தைத் தள்ளுது, தெரியுதா?"

தேதி, விண்ணப்பத்துக்குப் பத்தொன்பது நாள் முன்பு.

பெருமை தாங்காமல் அதை எங்கள் குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் நான்தான் போட்டேன். முந்நூறு பேர் இருக்கிற குழு. "தொப்பை தெரியுது, எடுத்துடுங்க" என்று மறுநாள் மனைவி சொன்னதால் எடுத்தேன். சட்டம் நினைவுக்கு வரவே இல்லை. அதற்குள் எவனோ அதைச் சேமித்துவிட்டான்.

"இது உங்க கட்டில்தானே?"

"ஆமாங்க."

"பேசுறது யாரு?"

அத்தான் என்னைப் பார்த்தார். பிறகு மின்விசிறியைப் பார்த்தார்.

"தெரியலைங்க. யாரோ விருந்தாளி."

"சத்தியம் பண்ணியிருக்கீங்க. யோசிச்சுச் சொல்லுங்க."

"எத்தனையோ பேர் படுத்துப் பார்த்தாங்க. தொப்பையை வெச்சு ஆளை எப்படிங்க சொல்றது?"

எல்லோரும் சிரித்தார்கள். ஒன்பது வருட உழைப்பு கண்ணெதிரே போய்க்கொண்டிருக்க, அந்த மனிதர் என் மானத்தைக் காப்பாற்றப் பொய் சொல்லிக்கொண்டிருந்தார். இன்னொரு கேள்வி வந்தால் பொய்ச் சாட்சி என்று மாட்டிக்கொள்வார்.

எழுந்தேன்.

"கனம் நீதிபதி அவர்களே, சாட்சியை விட்டுடுங்க. அந்த எருமை நான்தான்."

நீதிபதி சிரிக்கவில்லை. "அப்போ இனிமே நீங்க இந்த வழக்குல சாட்சி. கோப்பை வேற வக்கீல்கிட்ட கொடுத்துடுங்க" என்றார். கொடுக்கலாம். ஆனால் ஊரே பார்த்துவிட்டதைப் புதிது என்று எந்த வக்கீல் வந்து வாதாட?

வெளியே தாழ்வாரத்தில் அத்தான் என் தோளைப் பிடித்தார். "ஏன் மாப்ளே எழுந்தீங்க? சமாளிச்சிருப்பேன்ல."

பெஞ்சில் இருந்த அக்கா எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். அவள் கைபேசி அடித்தது. எடுத்துப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினாள்.

"பட்டறையிலேருந்து. நீயே சொல்லுடா. உனக்குத்தான் பேச நல்லா வருமே."

"ஸ்பீக்கர்ல போட்டிருக்கோம் சார், சொல்லுங்க" என்றார் மேஸ்திரி.

எனக்காக எல்லா இயந்திரங்களையும் நிறுத்தியிருந்தார்கள். அந்த அமைதி காதில் கேட்டது.