பீற்றர் மகாராசா மூலவியாதியில் செத்த கதை

ராசா மூலவியாதியில் சாகக் கூடாது என்பதில் பீற்றர் ஒரே பிடியாக நின்றார். கூத்துப் பிரதியைச் சமையலறை மேசையில் போட்டு, அதற்கு மேலே மூக்குக் கண்ணாடியையும் கழற்றிப் போட்டுவிட்டு மனைவியைப் பார்த்தார்.

"ஓல்போர்க்கிலை இருக்கிற முழுச் சனமும் வந்து குந்தியிருந்து பாக்கும். அவையளுக்கு முன்னாலை நான் மூலத்திலை சாகிறதோ?"

விக்ரோரியா வெங்காயம் அரிவதை நிறுத்தவில்லை. "நான் என்னப்பா செய்ய? ராசா மூலவியாதி முத்தி வயித்துக்குத்திலை செத்தார் எண்டு மனிசிக்காரிதான் நாடு முழுக்க அறிக்கை விட்டவ."

"அது பொய். அவரை அடிச்சுச் சாக்காட்டினவங்கள். நீர்தானே சொன்னனீர்."

"பொய் எண்டு எல்லாருக்கும் தெரியும். அதுதானே பகிடி."

பீற்றருக்குப் பகிடி விளங்கவில்லை. தன்னைப் பற்றிய பகிடி எந்தத் தலைவருக்குத்தான் விளங்கியிருக்கிறது? அவர் டென்மார்க்கின் ஓல்போர்க் நகரத்துத் தமிழ்க் கத்தோலிக்கக் கலாமன்றத்தின் தலைவர். மன்றம் தொடங்கிய நாள் முதல் தலைவர், திருநாள் கூத்து எதுவானாலும் ராசா. வேதசாட்சியைக் கொல்லுகிற ராசா, பிறகு மனந்திரும்புகிற ராசா, சிலுவையைக் கண்டு மயங்கி விழுகிற ராசா என்று எல்லா ராசாவும் அவர்தான். வேறு யாராவது அந்த ராசமுடியில் கை வைத்தால் அன்றைக்கு ஒத்திகை நடக்காது.

ரஷ்யாவின் அரச குடும்பத்தைக் கூத்தாக எழுதப் போவதாகவும், ராசாவின் பெயரும் பீற்றர்தான் என்றும் விக்ரோரியா சொன்னபோது, மனிதர் அடுத்த கேள்வி கேட்காமல் முடி செய்யத் தொடங்கிவிட்டார். பட்டணம் கட்டிய பெரிய பீற்றர் என்று நினைத்துக்கொண்டார். கூத்தில் வருபவரோ அவருடைய பேரன், மூன்றாம் பீற்றர். தாத்தாவிடம் இருந்து பெயரைத் தவிர வேறொன்றையும் எடுத்துக்கொள்ளாத பிறவி. கல்யாணம் முடித்த பிறகும் கட்டிலில் பொம்மைச் சிப்பாய்களை அடுக்கி விளையாடியவர். ஒரு பொம்மையைக் கடித்த எலியை இராணுவ விசாரணை வைத்துத் தூக்கில் போட்டாராம், மனைவி கதரீன் எழுதி வைத்திருக்கிறாள். அரியணையில் ஆறு மாதம்தான். அதற்குள் அவள் காவற்படையைத் தன் பக்கம் இழுத்து, புருசனை இறக்கிவிட்டுத் தானே ஏறிக் குந்திவிட்டாள்.

இவ்வளவும் பிரதியில் இருந்தது. பீற்றர் தன்னுடைய பாட்டுகளை மட்டும் வாசித்திருந்தார். காலுறையில் செய்த எலியை ஒத்திகையில் கையில் கொடுத்தபோதுதான் அவருக்குச் சந்தேகம் வந்தது.

"அந்த மனிசனுக்கு ஒரு மரியாதையான முடிவு குடுமன்," என்று இப்போது கொஞ்சம் இறங்கி வந்தார்.

"டென்மார்க் மேலை படையெடுக்க வெளிக்கிட்டவருக்கு என்ன மரியாதை? கதரீன் இறக்கியிராட்டி இஞ்சை சண்டை வந்திருக்கும். நாங்கள் இந்த நாட்டுப் பாஸ்போட் வைச்சிருக்கிறம், மறந்திடாதேங்கோ."

பீற்றர் கண்ணாடியை எடுத்து மாட்டினார். பிறகு தலைவர் குரலில் பேசினார். "சரி, ஒரே பேச்சு. முடிவை மாத்தும். ராசா மன்னிக்கிறார், ராணி காலிலை விழுறா, மங்களம். அப்பிடிச் செய்தா, எழுதினது விக்ரோரியா எண்டு மைக்கிலை அறிவிக்கச் சொல்லுவன். இல்லையெண்டா வழமை மாதிரித்தான்."

வழமை என்னவென்று அவளுக்குத் தெரியாதா? ஒரு காலத்தில் பீற்றர்தான் எழுதினார், அவள் பிழை திருத்தினாள். பிறகு அவர் ஒரு பாட்டு எழுதினால் அவள் நான்கு எழுதினாள். கடைசியில் அவர் முடிக்குக் கல் ஒட்டுவதோடு நின்றுகொண்டார். ஆனாலும் கூத்து முடிய ஒலிவாங்கியில், 'எழுத்து, நெறியாள்கை: பீற்றர்' என்றுதான் வரும். சனம் கை தட்டும். அவள் பின்னால் நின்று தேத்தண்ணிக் கோப்பைகளை அடுக்குவாள். முதியோர் இல்லத்தில் வேலை முடித்து வந்து, நூலகத்தில் எடுத்த தடித்த டேனிஷ் புத்தகத்தோடு குந்தியிருந்து அவள் எழுதிய கூத்து இது. இதற்காவது தன் பெயர் வர வேண்டும் என்று மனதுக்குள் ஏங்கிக்கொண்டிருந்தாள். அதற்கு அவர் விலை பேசியபோது அவளுக்கு நெஞ்சு எரிந்தது.

"முடிவு மாறாது," என்றாள்.

ஒத்திகை ஒருமாதிரி நடந்தது. கதரீன் வேஷம் விக்ரோரியாவுக்கு. கதரீனின் கள்ளக்காதலன் ஒர்லோவ் வேஷத்துக்கு ஆள் பிடிப்பதுதான் பெரும்பாடு. வேறொருத்தியின் புருசனைப் போட்டால் ஊர் கதைக்கும். கலியாணமாகாத பெடியனைப் போட்டால் இன்னும் கூடக் கதைக்கும். யோசித்து யோசித்து, கடைசியில் விக்ரோரியாவின் சொந்தத் தம்பி ஜெசிந்தனைப் போட்டார்கள். 'என் உயிரே' என்று பாட வேண்டிய இடத்தில் அவன் அக்காவின் முகத்தைப் பார்க்காமல் நெருப்பணைக்கும் கருவியைப் பார்த்துப் பாடினான். எல்லாருக்கும் திருப்தி.

திருநாள் சனிக்கிழமை, பாடசாலை மண்டபத்தில் நாற்காலிகள் நிறைந்துவிட்டன. பீற்றர் முடியை வைத்துக் கண்ணாடியில் பார்த்தபடியே மனைவியிடம் சொன்னார்.

"முடி துறக்கிற இடத்திலை நான் புதுப் பாட்டுப் படிக்கப் போறன். மன்னிக்கிற பாட்டு, நானே கட்டினது. நீர் காலிலை விழும்."

"விழாட்டி?"

"ராசா படிக்கேக்கை ஆரும் குறுக்கை வரேலாது. நீர் விழுமட்டும் படிப்பன்."

அது உண்மைதான். கூத்தில் ராசா பாட்டை எடுத்துவிட்டால் அவர் முடிக்கும்வரை மேடை அவருடையது. விக்ரோரியா பட்டுப் பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, பிள்ளைகளின் மழைச்சட்டைகள் தொங்கும் ஒடுங்கிய அறைக்குப் போனாள். பிற்பாட்டுக்காரர் அங்கேதான் இருந்தார்கள்.

ராசா ஒரு அடி பாடுவார், பிற்பாட்டு அதைத் திருப்பிப் பாடும். அந்த இடைவெளியில்தான் ராசா ஒரு சுற்று ஆடி மூச்சு வாங்குவார். எந்தக் கொம்பன் ராசாவுக்கும் மூச்சு பிற்பாட்டின் கையில்தான் இருக்கிறது. இதை ராசாக்கள் யோசிப்பதில்லை.

பிற்பாட்டை நடத்துகிற புஷ்பராணி மீன் தொழிற்சாலையில் வேலை செய்பவள், பேச்சில் கத்தி. விக்ரோரியா அவளுக்குப் பக்கத்தில் குந்தினாள். "புஷ்பராணி, இண்டைக்கு அவர் என்ரை பிரதியிலை இல்லாத பாட்டொண்டு படிக்கப் போறாராம்."

புஷ்பராணி சுடுதண்ணிப் போத்தலை மெல்ல மூடினாள். "பிரதியிலை இல்லாததுக்கு நாங்கள் என்னெண்டக்கா பிற்பாட்டுப் படிக்கிறது?"

"அதைத்தான் நானும் யோசிக்கிறன்."

"இவ்வளவு வருசமா அவருக்குப் பின்னாலை கத்துறம். தண்ணி குடிச்சனீங்களோ எண்டு ஒருநாள் கேட்டிருப்பாரோ?"

மத்தளக்காரர் சிறீஸ்கந்தராசா வாரை இறுக்கிக்கொண்டிருந்தார். "பிள்ளையள், என்னை இதுக்குள்ளை இழுக்காதேங்கோ. நான் சைவக்காரன், உங்கடை கோயில் சண்டை எனக்கு வேண்டாம்." ஒருமுறை தட்டிப் பார்த்தார். "ஆனா தெரியாத பாட்டுக்கு எனக்குக் கை ஓடாது."

கதரீன் காவற்படைக்கு வொட்கா ஊற்றிக் கொடுத்தாள் என்று புத்தகத்தில் இருந்தது. விக்ரோரியா ரோல்ஸ் பலகாரத் தட்டை நீட்டினாள்.

கூத்து நன்றாகவே போனது. எலியைத் தூக்கில் போட்டபோது பிள்ளைகள் சிரித்தார்கள். ஒர்லோவ் சுவரைப் பார்த்துக் காதலித்தான். பிறகு அந்த இடம் வந்தது. விக்ரோரியா காவற்படைச் சீருடை போட்டு, வாளோடு, முடி துறக்கும் பத்திரத்தை நீட்டிக்கொண்டு நின்றாள். பீற்றர் நெஞ்சை நிமிர்த்தி எடுத்தார்.

"பேதைப் பெண்ணே அஞ்சாதே, இந்தப் பீற்றர் மன்னன் மன்னிப்பான்..."

கையை வீசி ஒரு சுற்று ஆடினார். பின்னாலிருந்து ஒரு சத்தமும் இல்லை. ஒலிவாங்கியில் ஏதோ கோளாறு என்று நினைத்து, திரும்பவும் பாடினார். அதற்கும் பதில் வரவில்லை. இந்த முறை பிற்பாட்டையும் தானே பாடிக்கொண்டு ஆடினார். மத்தளம் வாய் திறக்கவில்லை. புஷ்பராணி கூரையில் எத்தனை விளக்கு எரிகிறது என்று பார்ப்பவளைப் போல நின்றாள். மூன்றாம் முறை, 'பேதை' வரைக்கும்தான் மூச்சு வந்தது. வரைந்த மீசை வியர்வையில் கரைந்து நாடிக்கு இறங்கியது. முன்வரிசையில் யாரோ கிளுக்கென்று சிரித்தார்கள்.

விக்ரோரியாவுக்கு அது இனித்தது. இல்லையென்று சொன்னால் பொய். ஆனால் அவர் அவளிடம் திரும்பி, "இஞ்சேர், ஏதாவது செய்யுமன்," என்று வாய்க்குள் முணுமுணுத்தார். ஐயோ பாவம், எத்தனை ராசாவாக நின்ற மனுசன்.

"கையெழுத்தை வையுங்கோ," என்றாள் மெதுவாக.

வைத்தார். அடுத்த கணம் மத்தளம் இடித்தது, பிற்பாட்டு கூரையைப் பிளந்தது.

மிச்சம் இருந்தது அறிக்கை. அதை விட்டுவிடலாமா என்று ஒரு கணம் அவளுக்குத் தோன்றியது. இறக்கியாயிற்று, போதாதா? ஆனால் தன் பெயருக்கு அவர் பேசிய விலை ஞாபகம் வந்தது. தாளை விரித்து, நிறுத்தி நிதானமாக வாசித்தாள்: முன்னாள் மகாராசா பீற்றர், நெடுநாள் மூலவியாதி முற்றி, ஆண்டவரின் சித்தப்படி இறந்துபோனார்.

மண்டபம் வெடித்தது. சிரிப்பென்றால் அப்படி ஒரு சிரிப்பு. மேடை ஓரத்தில் நின்ற பீற்றர் திகைத்துப்போனார். இத்தனை காலம் ராசாவாக நின்றதற்கு இப்படியொரு வரவேற்பு அவருக்குக் கிடைத்ததே இல்லை. மெல்லப் பின்பக்கத்தைப் பிடித்தார். சிரிப்புக் கூடியது. ஒரு முனகல் முனகினார். பிறகு மனுசனைப் பிடிக்க முடியவில்லை. குந்தப் போய் எழும்பினார், எழும்பப் போய் குந்தினார், நொண்டி நொண்டி மேடை முழுக்கச் செத்தார், பாதிரியாரே கண்ணைத் துடைத்தார். கடைசியில் நடுமேடையில் குப்புற விழுந்து உயிரை விட்டார்.

ஜெசிந்தன் ஒர்லோவ் உடுப்போடேயே ஒலிவாங்கியைப் பிடித்தான். "எழுத்து, நெறியாள்கை: எங்கள் தலைவர் பீற்றர் அவர்கள்."

கைதட்டல் எழும்பியது. விக்ரோரியா நடந்து போய்த் தம்பியின் கையிலிருந்து ஒலிவாங்கியை வாங்கினாள். வீட்டில் 'இஞ்சாருங்கோ' என்று மட்டுமே கூப்பிட்டவள், வாழ்க்கையில் முதல்தடவையாக ஊருக்கு முன்னால் புருசனின் பெயரைச் சொன்னாள்.

"பீற்றர். இதை எழுதினது ஆர்?"

பிணம் ஒரு கண்ணைத் திறந்து மூடியது. "செத்தவன் கதைக்கிறேல்லை."

சனம் மறுபடி சிரித்தது. அவள் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தாள்.

"அப்ப உயிரோடை இருக்கிறவள் சொல்லுறன். எழுதினது நான். என்ரை பேர் விக்ரோரியா."

முதலில் புஷ்பராணி தட்டினாள். பிறகு எல்லோரும் எழும்பி நின்று தட்டினார்கள். விக்ரோரியா நிமிர்ந்து நின்று எல்லாத் தட்டலையும் வாங்கிக்கொண்டாள். காலடியில் கிடந்தவருக்கு எழும்பிக் கும்பிட வேண்டும் என்று உடம்பெல்லாம் துடித்தது. எழும்பினால் அவள் கேட்ட கேள்விக்கு மறுமொழி சொல்ல வேண்டும். கைதட்டல் ஓயும்வரை அவர் செத்தே கிடந்தார்.