நொயெலுக்குச் சொல்ல வேண்டிய பதில்

திரையில் இளவயது கெய்தான், லோரியான் ஊர்த் துறைமுகப் படிக்கட்டில் உட்கார்ந்து வாயசைத்தான், சத்தம் வரவில்லை. இருட்டில் ஒலிவாங்கி முன் நின்ற கெய்தானுக்கு இப்போது அறுபத்தெட்டு வயது. படத்துக்குக் கீழே ஓடும் பட்டையில் அவருடைய வசனம் கையெழுத்தில் ஊர்ந்து வந்தது. பேச வேண்டிய இடத்தைக் காட்டும் செங்குத்துக் கோட்டை அது தொட்டதும் சொன்னார்.

"போ. நான் வழியனுப்பல்லாம் வரமாட்டேன்."

"நிறுத்து தியெரி," என்று ஒலிப்பதிவாளரிடம் சொன்னாள் பின்னாலிருந்து இயக்குநர் மரீஸ். "கெய்தான், ரொம்ப நல்லா நடிக்கிற. அதான்ப்பா பிரச்சனை. அப்ப உனக்கு நடிக்கவே தெரியாது."

அது அவருடைய முதல் படம்; அன்றைக்கு இயக்கியதும் மரீஸ்தான். பழைய சுருளைத் துடைத்துப் புதுப்பித்துக்கொண்டிருந்தார்கள். அவர் குரலும் கூட நடித்த நொயெலின் குரலும் தனித்தனி நாடாவில் பதிவானவை. நொயெலின் நாடா தப்பிவிட்டது. அவருடையது ஈரத்தில் போய்விட்டது. போன குளிர்காலத்தில் நொயெலும் போய்விட்டாள். மதியத்துக்குள் சரியாக வராவிட்டால் வேறொரு இளைஞன் பேசுவான் என்று மரீஸ் காலையிலேயே சொல்லிவிட்டாள். அதன்பின் நொயெலுக்குப் பதில் சொல்வது யாரோ ஒருவனாக இருக்கும்.

அந்தப் படத்துக்குப் பிறகு எத்தனையோ சின்னப் படங்கள். பாதி ஒரு வாரம்கூட ஓடவில்லை. ஏதாவது சிற்றூர்த் திரையரங்கில் படம் முடிந்து விளக்கு போட்டதும், குளிரில் மேலங்கியைக் கழற்றாத பத்துப் பேர் கேள்வி கேட்பார்கள். அவர் நின்று பதில் சொல்வார். ஊர் ஊராகப் போனதில் பேச்சு தெளிந்துவிட்டது. தெளிந்தது நல்லதென்றே இதுவரை நினைத்திருந்தார்.

"அப்பல்லாம் நீ பேசினா ஒரு எழவும் புரியாது," என்றாள் மரீஸ்.

"எப்படிப் புரியும்? கேமரா ஓடினாத்தான சோறு போடுவ."

சொல்லிவிட்டுத் திரையைப் பார்த்தார். உறைந்து நின்ற அவனுடைய கன்னம் ஒரு பக்கம் புடைத்திருந்தது. காட்சிக்கு வாங்கிய ரொட்டியும் மத்தி மீனும்தான் அன்றைக்கு எல்லோருக்கும் மதியச் சாப்பாடு. எங்கே மரீஸ் 'போதும்' என்று சொல்லிவிடுவாளோ என்று அவனும் நொயெலும் பெரிய பெரிய வாயாகத் திணித்துக்கொண்டார்கள்.

"தியெரி, உங்ககிட்ட சாப்பிட ஏதாவது இருக்கா?"

ஒலிப்பதிவாளர் தியெரி தன் பையிலிருந்த ரொட்டியைத் தயங்கி நீட்டினார். "வெண்ணெயும் பன்றிக்கறியும்தான் சார். கொஞ்சம் எனக்கும் வைங்க."

கெய்தான் பாதியைப் பிய்த்து வாயில் அடைத்துக்கொண்டார். மேலோடு ஈறில் குத்தியது. காட்சி மறுபடி ஓடியது.

"நாளைக்கு நான் பாரிஸ் கிளம்பறேன்," என்றாள் திரையில் நொயெல்.

கோடு வந்தது. மெல்லுகிற வாயோடு, யாரும் தட்டைப் பிடுங்கும்முன் சொல்லிவிட வேண்டும் என்பதுபோல, அவர் சொன்னார். பாதி வார்த்தை ரொட்டிக்குள் போயிற்று.

நொயெல் சிரித்தாள். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்க, மீன் எண்ணெய் விரலெல்லாம் வழியச் சிரித்தாள். கீழே எழுத்து தீர்ந்து வெறும் பட்டை ஓடிக்கொண்டிருந்தது. மரீஸ் நிறுத்தச் சொல்லவில்லை. விழுங்குகிற சத்தம் அவள் சிரிப்பின்மேல் விழுந்துவிடுமோ என்று, கெய்தான் ரொட்டியை வாயிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.