வெட்டுப்பட்டவர்கள் வந்திறங்கிய ஊர்

“எழுதுன கதையிலேர்ந்து வெட்டிட்டா, அந்த ஆளுங்கல்லாம் எங்க கமரு போவாங்க?”

“எங்கயாச்சும் போய்ப் பொழச்சுக்குவாங்க மச்சான். நீங்க சோத்தைச் சாப்பிடுங்க.”

கமருன்னிஸா மாஸ்கோவுக்குத் திரைக்கதை படிக்கப் புறப்பட்ட வருஷம், அவர் கணவர் பக்கீர் முகம்மது இப்படிக் கேட்டதும் அவர் இப்படிச் சொன்னதும் உண்டு. வெட்டப்பட்டவர்கள் கூத்தாநல்லூருக்கு வந்தார்கள்.

படிப்பு முடிந்து கமருன்னிஸா தாஷ்கண்ட் ஸ்டூடியோவில் சேர்ந்தார். அவர் எழுதுவதையெல்லாம் அங்கே ஒரு குழு படித்து, ஒத்துவராத பாத்திரங்களை அடித்துவிடும். முதலில் அடிபட்டவர் எதற்கெடுத்தாலும் சிரிக்கும் ஒரு விதவை. கூட்டுப்பண்ணையைப் பற்றிய படத்தில் காரணமில்லாமல் சிரிப்பானேன் என்று குழு கேட்டதாம். அந்த வாரமே அந்தம்மா கம்பளிக் கோட்டோடு திருவாரூர் பஸ்ஸிலிருந்து இறங்கி, பக்கீர் முகம்மதின் ஜவுளிக்கடைக்கு வழி கேட்டார். கமருன்னிஸா முதலில் தமிழில் எழுதிவிட்டுத்தான் ரஷ்யனுக்கு மாற்றுவார் என்பதால் பேச்சுக்குச் சிரமமில்லை. அடுத்து பூனைக்குப் பயந்த ஜெனரல் வந்தார். கடை வாசலில் காவலுக்கு உட்கார்ந்தார். டிராக்டர் ஓட்டத் தெரியாத டிராக்டர் டிரைவர் திருத்துறைப்பூண்டிப் பக்கம் சம்பா உழவில் தொழில் பழகி, அங்கேயே பெண்ணும் எடுத்தார். படத் தயாரிப்பும் கமருன்னிஸாவின் பொறுப்புக்கு வந்தபோது, செலவு கட்டுப்படியாகாமல் ஒரு கல்யாணக் கூட்டத்தையே அவர் வெட்டவேண்டியதாயிற்று. தம்பூர் மீட்டுகிறவர்கள் உட்பட அத்தனை பேரும் ஒரே பஸ்ஸில் வந்தார்கள். ஜமாஅத்தில் அவசரமாக இரண்டு தேக்சா பிரியாணி போட்டார்கள். சோவியத் உடைந்து, கமருன்னிஸா சொந்தமாகச் சின்னக் கம்பெனி வைத்த பிறகும் வரத்து நிற்கவில்லை.

ஊரில் ஆண்கள் பிழைப்புக்காகச் சபர் போவார்கள், மலேயாவுக்கும் துபாய்க்கும், பெண்கள் காத்திருப்பார்கள். இந்த வீட்டில் மாறி நடந்தது. இரண்டு வருஷத்துக்கு ஒரு முறை கமருன்னிஸா அத்தரும் பாதாமுமாக வந்து போவார். அவரோடு ஒரே கூரையின் கீழ் இருக்கவேண்டும் என்பதைத் தவிர பக்கீர் முகம்மதுக்கு வேறு ஆசை இருந்ததில்லை. ஆனால் பயணம் புறப்படுகிறவரை எதுவும் கேட்டுத் தடுக்கக்கூடாது என்பது ஊரில் முறை. வெளிநாட்டில் பிழைப்பவர் எந்நேரமும் பயணத்தில் இருப்பவர்தானே என்று அவராகவே கணக்குப் போட்டு, இருந்துவிடு என்ற சொல்லை வாயிலேயே வைத்துக்கொண்டார். ஒவ்வொரு முறையும் பெட்டியைப் பூட்டிய பிறகும் கமருன்னிஸா வாசலில் கொஞ்சம் நின்றுதான் போனார்.

இந்த வருஷம் நாத்தனார் மகள் நிலோஃபர் கல்யாணத்துக்கு வந்திருந்தார். கல்யாணம் முடிந்து, அடுத்த வாரப் பயணத்துக்குப் பெட்டி அடுக்கிக்கொண்டிருக்கையில் பக்கீர் முகம்மதின் தங்கை ஹஃப்ஸா உள்ளே வந்தார்.

“ஏன் மச்சி, எங்கண்ணனுக்கு வழியனுப்பியே வயசாயிடுச்சு. ஊரு உலகத்துல உள்ளவங்களையெல்லாம் பஸ்ஸுலேர்ந்து எறக்கி விட்டாரு. ஒரு தடவையாவது ஏறுனாரான்னு கேளு.”

கமருன்னிஸா மடித்த சேலையையே மறுபடி மடித்தார். பக்கீர் முகம்மதுக்கு அப்போதுதான் உறைத்தது: தடுக்கத்தானே கூடாது. கடையை விதவையம்மா பார்த்துக்கொள்வார், வருகிறவர்களுக்குச் சோறு போட ஒரு கல்யாணக் கூட்டமே இருக்கிறது. கொல்லையில் அன்று காலை வந்திறங்கிய கண் டாக்டர் ஒருவர் கை கழுவிக்கொண்டிருந்தார். அவருக்குத் துண்டை எடுத்துக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்து, கட்டிலில் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

“கமரு, இந்தத் தடவை என்னையும் கூட்டிட்டுப் போறியா?”