கடைசிப் பாகத்தில் தம்பி

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். வேறொன்றை எழுத முடியாததால்தான் இதை எழுதுகிறேன். விருது வாங்கிய என் விண்வெளி நாவல் தொடரின் கடைசிப் பாகம் மேசையில் கிடக்கிறது, கடைசி அத்தியாயம் இல்லாமல். பதிப்பாசிரியர் தினமும் போன் செய்கிறார். நான் எடுப்பதில்லை.

2

'விண்கலத்தின் கதவு திறந்தது. அவன்—'

(யார் திறந்தது? வேண்டாம், அடித்துவிடுகிறேன்.)

முதல் பாகத்தில், விண்கலத்தைப் பழுதுபார்க்க வெளியே போன இளைஞன் திரும்பவில்லை. அன்றிலிருந்து அவனுடைய அக்கா கிரகம் கிரகமாகத் தேடுகிறாள். நிஜத்தில் என் தம்பி சரக்குக் கப்பலில் எலக்ட்ரீஷியனாகப் போனான். ஏதோ ஒரு துறைமுகத்தில் இறங்கினானாம், அவ்வளவுதான் தெரியும். விருதுக் குழு 'அபாரமான கற்பனை' என்றது. கற்பனையாம்! மேடையில் பல்லைக் காட்டிக்கொண்டு வாங்கி வந்தேன்.

3

புதுப் பாகம் வந்ததும் அம்மா கடைசிப் பக்கத்தைத்தான் முதலில் புரட்டுவாள்.

"இதுலயாவது வந்துட்டானா?"

"அடுத்ததுல பார்க்கலாம்மா."

அம்மாவுக்காகத்தான் அவனைச் சாகவிடாமல் இழுத்தடித்தேன். அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன்.

முடிவு அ: வருகிறான். (பொய். அப்புறம் அம்மா வாசலையே பார்த்துக்கொண்டிருப்பாள்.)

முடிவு ஆ: இறந்துவிட்டான். (அடிப்பாவி என்பாள்.)

முடிவு இ:

4

இன்று காலை இரண்டு முடிவுகளையும் படித்துக்காட்டினேன். அம்மா துணி மடித்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள்.

"செத்துட்டான்னே எழுதிடுடி."

"என்னம்மா சொல்றே?"

"எனக்கு எப்பவோ தெரியும். பெத்தவளுக்குத் தெரியாதா? நீதான் தாங்கமாட்டே. அதான் வந்துட்டானா, வந்துட்டானான்னு கேட்டுவெச்சேன்."

[இங்கே நான் அழுததாக எழுதலாம். அழவில்லை. கோபம்தான் வந்தது. யார்மேல் என்று இப்போதும் புரியவில்லை. யாருக்காக யார் நடித்தோம்? அவள் எனக்காகவா, நான் அவளுக்காகவா?]

"அதெப்படிம்மா நானே..."

"எத்தனை நாளைக்குடி அடக்கிவெக்கிறது? நீ எழுதிட்டா நான் வாய்விட்டு அழுதுடுவேன். எனக்கு அழணும்டி."

5

அம்மா எதிரே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டாள். 'அக்கா குனிந்து அவன் முகத்தை' என்பதுவரை எழுதியிருக்கிறேன். கை ஓடவில்லை.

நீங்கள் எழுதுங்களேன். உங்களுக்கு அவன் யாரோ எவனோ, ஒரே வரியில் முடித்துவிடுவீர்கள். எழுதி அம்மாவிடம் கொடுத்துவிடுங்கள்.

என்னிடம் மட்டும் சொல்லாதீர்கள்.