ராமோனாவின் வலது கால்

ரோஸ்கோ டாக்கெட் அந்த இரும்புக் கம்பியை என் வலது கைக்காகத்தான் கொண்டுவந்தான். அது ராமோனாவின் இடது கையில் விழுந்ததற்கு நான்தான் காரணம் என்று நினைக்கிறேன். நீ காரணமில்லை என்கிறான் ஜூபல். நடந்ததை வரிசையாக வைத்துப் பார்க்கிறேன்.

நாங்கள் மூன்று பேர். ராமோனா பிடில், ஜூபல் கிட்டார், நான் பேஞ்சோ; பித்தளை வளையத்தில் தோல் இழுத்துக் கட்டிய தந்தி வாத்தியம். வாரநாட்களில் ராமோனா மலைச்சரிவில் கிறிஸ்துமஸ் மரங்களைக் கத்தரிக்கிறாள். ஜூபல் பள்ளிப் பேருந்து ஓட்டுகிறான். நான் பகலில் மரப்பட்டறையில் நாற்காலிக் கால் கடைகிறேன், சாயங்காலம் காலேஜுக்குப் போகிறேன். தொண்ணூறு வருடம் முன்பு எங்கள் மாவட்டத்துக்காரர்கள் வாசித்த தேய்ந்த இசைத்தட்டுகளிலிருந்து ஒவ்வொரு மெட்டாகப் பொறுக்கியெடுத்து வாசிக்கிறோம்.

எனக்கு முன் பேஞ்சோ வாசித்தவன் ரோஸ்கோ. ராமோனாவின் சித்தப்பா மகன். என்னைவிட நன்றாக வாசிப்பான். மார்ச் மாத ஒத்திகையில், வேகத்தைக் குறைக்கச் சொல்லி ஜூபல் ஒரு வார்த்தை சொன்னான். ரோஸ்கோ பேஞ்சோவைப் பத்திரமாகக் கீழே வைத்துவிட்டு, ஜூபலின் முகத்தைக் கதவு நிலையில் இரண்டு முறை மோதினான். இரண்டு பல் போயிற்று. ராமோனா அன்றே அவனை வெளியே அனுப்பினாள்.

ஜூன் மாதம் பெட்ரோல் பங்கில் என்னை மடக்கினான்.

"என்னடா காலேஜ்காரா, சாயங்காலம் பேனா, சனிக்கிழமை என் பேஞ்சோவா?"

"இது என்னோட பேஞ்சோ, ரோஸ்கோ."

"உக்கார்ற இடம் என்னோடதுடா."

கைகுலுக்குவதுபோல் என் வலது கையைப் பிடித்து நெரித்தான். முழங்கால் மடங்கி நான் தரையில் உட்காரும்வரை விடவில்லை. "இதை நல்லாப் பாத்து வெச்சுக்க. அடுத்த தடவை சும்மா அமுக்க மாட்டேன்."

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் வம்பு வேண்டாமென்று ராமோனா வேறு ஆளைத் தேடுவாளோ என்று பயம்.

அடுத்த மாதம் ஒரு சனிக்கிழமை, மதியம் மூன்று மணி. தீயணைப்பு நிலையத்தில் வண்டிகளை வெளியே எடுத்துவிட்டு நாற்பது பேர் எங்கள் வாசிப்புக்கு ஆடிக்கொண்டிருந்தார்கள். நான் திறந்த கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தேன். ராமோனா எனக்கு எதிரே.

எங்கள் மெட்டுகளுக்கு முடிவு கிடையாது. தாழ்ந்த பாதி இரண்டு தடவை, ஏறிய பாதி இரண்டு தடவை, மறுபடி முதலிலிருந்து. பிடில்காரர் காலைத் தூக்கினால் அதுதான் கடைசிச் சுற்று. கிட்டத்தட்ட அரை நிமிடம். அதை முழுக்க வாசித்து எல்லோரும் ஒன்றாக நிறுத்த வேண்டும். சேர்ந்த புதிதில் இரண்டு முறை முந்தி நிறுத்தி ஊர் முன்னால் அசிங்கப்பட்டேன். அதிலிருந்து வாசிக்கும்போது அவளுடைய வலது பூட்ஸைத் தவிர வேறெதையும் பார்ப்பதில்லை.

பதினோராவது சுற்றில் பூட்ஸ் எழுந்தது. வழக்கத்தைவிட உயரமாக. என் நாற்காலியை உதைத்துத் தள்ளப் பார்த்திருக்கிறாள், எட்டவில்லை. என் பெயரைச் சொல்லிக் கத்தினாளாம். ஆடுகிறவர்களின் காலடிச் சத்தத்தில் எனக்குக் கேட்கவில்லை. கடைசிச் சுற்று, கெடுத்துவிடாதே என்று தலை குனிந்துகொண்டேன்.

பிடில் நின்றது. என்னைத் தனியாக வாசிக்க விடுகிறாள் என்று நினைத்தேன். அதில் கொஞ்சம் பெருமைகூட வந்தது.

அப்புறம் அவள் கை என் கைமேல் வந்தது. என் தோளுக்கு மேலாக ரோஸ்கோவின் இரும்புக் கம்பி இறங்கியது. பச்சைக் குச்சி ஒடிகிற சத்தம். பேஞ்சோவின் வெள்ளைத் தோலில் ரத்தம் தெறித்த பிறகும் என் விரல்கள் நாலு தட்டு தட்டின.

இரண்டாவது அடி அவள் தோளில். ஜூபல் ரோஸ்கோவின் முதுகில் பாய்ந்தான். முழங்கையால் இடி வாங்கி விழுந்தான். ரோஸ்கோ மூன்றாவதற்குக் கையை ஓங்கியபோதுதான் நான் எழுந்தேன். பேஞ்சோவைக் கழுத்தில் பிடித்து, அதன் பித்தளை வளையத்தால் அவன் தாடையில் அடித்தேன். ஒரே அடியில் விழுந்துவிட்டான். நான் இன்னும் மூன்று அடித்தேன். மீதியிருந்த சுற்றின் தாளத்திலேயே கை இறங்கியது. நான்கு பேர் சேர்ந்து என்னைப் பிரித்தார்கள்.

ஆம்புலன்ஸில் ராமோனா துண்டு சுற்றிய கையை மடியில் வைத்திருந்தாள். துண்டு முழுக்கச் சிவப்பு.

"ஏன்டா நிறுத்தல?"

"நீ காலைத் தூக்கினியே. கடைசிச் சுத்துன்னு நெனச்சு..."

"அவ்வளவு ஒழுங்காக் கத்துக்கொடுத்தேன் பாரு, என்னைச் சொல்லணும்."

சிரிக்கப் பார்த்தாள், வலியில் முடியவில்லை. அப்போதுதான் பெட்ரோல் பங்க் விஷயத்தைச் சொன்னேன். முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"ஒரு வார்த்தை, எஸ்ரா. ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருந்தா கதவைச் சாத்திட்டு வாசிச்சிருப்பேன்."

ரோஸ்கோ தாடையில் கம்பி கட்டிக்கொண்டு சிறையில் இருக்கிறான். ராமோனாவின் கடைசி இரண்டு விரல்கள் இனி மடங்காது என்று சொல்லிவிட்டார்கள். அக்டோபர் வரை அவள் என்னைக் கூப்பிடவில்லை.

கூப்பிட்டபோது அவள் சமையலறையில் பீன்ஸ் சூப்பும் சோள ரொட்டியும் இருந்தன. சாப்பிட்டதும் பிடிலை எடுத்தாள். தொடாத தந்திகளும் கூடவே ஒலிக்கும்படி சுருதியை மாற்றியிருந்தாள்.

"ரெண்டு விரல் இருந்தா போதும். ஆரம்பிங்கடா."

நான் நாற்காலியைச் சுவரோரம் இழுத்துப் போட்டுக்கொண்டேன். ஜூபல் கிட்டாரோடு என் பக்கத்தில் உட்கார்ந்தான். எட்டாவது சுற்றில் அவள் பூட்ஸ் எழுந்தது. என் கை நின்றுவிட்டது. தலை தானாகக் கதவுப்பக்கம் திரும்பியது. கதவு மூடித்தான் இருந்தது.

"இன்னும் ஒரு சுத்து இருக்கு," என்றாள்.

மறுபடி ஆரம்பித்தோம். கால் எழுந்தது, கை நின்றது. மூன்றாவது முறையும் அப்படியே.

"டேய், நான் பஸ் எடுக்கணும்டா," என்றான் ஜூபல்.

நான்காவது முறை அவள் தூக்கிய காலைக் கீழே வைக்கவில்லை. என் முழங்காலில் ஊன்றினாள், அழுத்தி.

"கதவை நான் பாத்துக்கறேன். நீ முடி."

ஏறிய பாதியில் இரண்டு தட்டு தவறியது. கடைசிவரை வாசித்தேன்.